வெள்ளைச் சேலையும் வெண்கலக் குரலும்



மலர்க் குழுவிலிருந்து போன் வந்தபோது நான் திருப்பூரில் ஒரு நிட்டிங் கம்பெனியில் கம்ப்ரஸர் ரூமில் நின்றுகொண்டிருந்தேன். கட்டுரை ஒன்று வேணும், விஷயம் உன் இஷ்டம் என்றார்கள். மெக்கானிக்கல் படிச்சவன் என்ன எழுதுவான்? பேரிங், பெல்ட், பாய்லர் இதைத்தானே எழுதுவான் என்று எல்லாரும் நினைத்திருப்பீர்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் போனை வைத்துவிட்டு நிட்டிங் ஹாலுக்குள் நுழைந்தபோது, அத்தனை மெஷின்களின் இரைச்சலையும் பிளந்துகொண்டு ஒரு குரல் வந்தது. நைட் ஷிப்ட் ஆபரேட்டர் ஒருவர் சின்ன ஸ்பீக்கரில் முருகன் பாட்டு போட்டிருந்தார். பாடியவர் கொடுமுடி கே.பி. சுந்தராம்பாள். அப்படியே நின்னுட்டேன். எழுத வேண்டியது இவரைப் பற்றித்தான் என்று அங்கேயே முடிவாகிவிட்டது.

ஹாலில் அந்த ஸ்பீக்கர் என் உள்ளங்கை அளவுதான் இருக்கும். பக்கத்தில் நிற்கிறவர் காதில் கத்தினால்தான் பேச்சு கேட்கும். அதில் இந்தக் குரல் மட்டும் எப்படி தப்பித்து வருகிறது? என் படிப்பு இங்கே கொஞ்சம் உதவியது. மனிதக் காது சுமார் 2000 முதல் 4000 ஹெர்ட்ஸ் வரையுள்ள ஒலியைத்தான் மிக நுட்பமாகக் கேட்கும். நன்றாகப் பழகிய உரத்த குரலில் அந்தப் பகுதியில் சக்தி அதிகமாக இருக்கும். அதனால்தான் சத்தத்துக்கு நடுவிலும் அது தனியாகத் தெரியும். இது கணக்கு. ஆனால் அந்தக் குரல் எங்கே, எப்படிப் பழகியது என்பது கணக்கில் வராது. அதற்கு அவருடைய கதைக்குப் போக வேண்டும்.

ரயிலில் பாடிய சிறுமி

நம் அமராவதி நகர் அணையிலிருந்து புறப்படும் ஆறு தாராபுரம் வழியாகப் போய் கரூருக்குப் பக்கத்தில் காவிரியில் சேருகிறது. அந்தக் காவிரி அதற்கு முன்பே தொட்டுவிட்டு வரும் ஊர் கொடுமுடி. மகுடேஸ்வரர் கோயில் இருக்கும் ஊர். ஈரோடு - கரூர் ரயில் பாதையில் ஒரு ஸ்டேஷன். 1908 அக்டோபரில் அங்கே ஏழைக் குடும்பம் ஒன்றில் சுந்தராம்பாள் பிறந்தார். கே.பி. என்ற இரண்டு எழுத்தில் 'கே' ஊர்ப்பெயர், 'பி' அம்மா பாலாம்பாளின் பெயர். அப்பா பெயரை இன்ஷியலாகப் போடுவதுதான் வழக்கம் என்று இருந்த காலத்தில் அம்மா பெயரைத் தாங்கியே கடைசிவரை வாழ்ந்தார். பிள்ளைகளைக் காப்பாற்றியது அந்த அம்மாதான். அதற்கு இதைவிட நல்ல ரசீது என்ன இருக்கிறது?

சின்ன வயசில் வீட்டுக் கஷ்டத்துக்கு ரயிலில் பாடிக் காசு வாங்கினார் சுந்தராம்பாள். எட்டு ஒன்பது வயசு இருக்கும். ஓடும் ரயிலின் சத்தத்தில், ஒரு பெட்டி முழுக்க இருக்கிறவர்களுக்குக் கேட்கும்படி பாட வேண்டும். கேட்டால்தான் காசு. பின்னாளில் மைக் இல்லாமல் ஆயிரக்கணக்கான பேருக்குப் பாடிய குரலுக்கு முதல் பயிற்சி இதுதான் என்று நான் நினைக்கிறேன். அப்படி ஒருநாள் பாடும்போது எப்.ஜி. நடேச அய்யர் காதில் விழுந்தது. அவர் திருச்சியில் ரயில்வே அதிகாரி, நாடகப் பிரியர், ரசிக ரஞ்சன சபாவை ஆரம்பித்தவர். அவர் மூலமாக வேலு நாயர் நாடகக் கம்பெனிக்குப் போனார் சிறுமி.

'நல்லதங்காள்' நாடகத்தில் பசியால் வாடும் குழந்தையாக முதலில் மேடை ஏறினார். பசி என்றால் என்ன என்று அந்தக் குழந்தைக்கு யாரும் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை.

அந்தக் கால நாடகத்தைப் பற்றி இப்போது படிக்கும் தம்பிகளுக்குக் கொஞ்சம் சொல்ல வேண்டும். சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிய நாடகங்கள், பாட்டுத்தான் முக்கியம். ராத்திரி ஆரம்பித்தால் விடியும்வரை நடக்கும். மைக் கிடையாது, ஆம்ப்ளிபயர் கிடையாது. மேடைக்குப் பக்கத்தில் ஹார்மோனியம், மிருதங்கம். கடைசியில் தரையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் பாட்டின் சொல் சொல்லாகக் கேட்க வேண்டும். கேட்கவில்லை என்றால் அங்கிருந்தே சத்தம் போடுவான். அதனால் மேல் ஸ்தாயியில் பாடுகிறவர்களுக்குத்தான் மவுசு. இந்தப் பள்ளிக்கூடத்தில் வளர்ந்து, இலங்கைக்கும் போய் கொழும்பில் பெரும் பெயர் வாங்கினார் சுந்தராம்பாள்.

கிட்டப்பா

அதே நேரம் தமிழ்நாட்டில் இன்னொரு குரல் எல்லாரையும் கட்டிப் போட்டிருந்தது. செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பா. 1906-ல் பிறந்தவர். சின்னப் பிள்ளையாகவே மேடை ஏறியவர். அவருக்கு ஹார்மோனியம் வாசித்தவர் அண்ணன் காசி அய்யர். 1920-களின் நடுவில் இலங்கையில் கிட்டப்பாவும் சுந்தராம்பாளும் சேர்ந்து நடிக்க ஏற்பாடானது. இந்தப் பெண்ணுக்கு எதிரே கிட்டப்பாவால் நிற்க முடியுமா என்று ஒரு கட்சி, கிட்டப்பாவுக்கு எதிரே இந்தப் பெண் நிற்குமா என்று இன்னொரு கட்சி. 'வள்ளி திருமணம்' நாடகத்தில் அவர் வேலன், இவர் வள்ளி. ஒருவர் விட்ட இடத்தில் இன்னொருவர் பிடிப்பார். போட்டி என்று வந்த ஜனங்கள் ஜோடி என்று சொல்லிவிட்டுப் போனார்கள்.

1927-ல் இருவரும் கல்யாணம் செய்துகொண்டார்கள். கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே கல்யாணம் ஆகியிருந்தது. சாதி வேறு. அவர் வீட்டில் இந்த உறவை முழு மனசோடு ஏற்கவில்லை. மேடையில் பிரியாத ஜோடி வீட்டில் அடிக்கடி பிரிந்தது. பிறந்த குழந்தையும் தங்கவில்லை. கிட்டப்பாவைக் குடிப்பழக்கம் பிடித்துக்கொண்டது. இருவரும் எழுதிக்கொண்ட கடிதங்கள் பின்னாளில் அச்சில் வந்தன. அவற்றில் கோபம் இருக்கிறது, கெஞ்சல் இருக்கிறது, ஒருவரை ஒருவர் விட முடியாத தவிப்பும் இருக்கிறது. இதைச் சிலர் அமர காதல் என்று எழுதுவார்கள். நான் அப்படி எழுத மாட்டேன். அந்த அம்மா ரொம்பக் கஷ்டப்பட்டார் என்றுதான் எழுதுவேன். கஷ்டப்பட்டும் பாடினார்.

1933 டிசம்பர் 2-ம் தேதி கிட்டப்பா இறந்தார். வயசு 27. சினிமாவில் அவர் முகம் இல்லை. இசைத்தட்டுகளில் குரல் மட்டும் மிச்சம். சுந்தராம்பாளுக்கு அப்போது 25 வயசு. அன்றிலிருந்து வெள்ளைச் சேலை. நகை இல்லை. இனி எந்த ஆணோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்ற முடிவு. கொஞ்ச நாள் மேடையே வேண்டாம் என்று கொடுமுடியில் இருந்துவிட்டார்.

என் அம்மிச்சி

இங்கே என் வீட்டுக் கதை ஒன்றைச் சொல்ல வேண்டும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் அம்மிச்சி தாராபுரம் பக்கம் ஒரு கிராமம். 1964-ல் தாத்தா இறந்தபோது அம்மிச்சிக்கு 26 வயசு, கையில் மூன்று பிள்ளைகள். எங்கள் பக்கம் வழக்கப்படி வெள்ளைச் சேலை உடுத்தினார்கள். பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு திருப்பூர் வந்து ஜின்னிங் பேக்டரியில் பஞ்சு பொறுக்கும் வேலைக்குச் சேர்ந்தார். அடுத்த வருஷம் 'திருவிளையாடல்' படம் வந்தது. புருஷன் போனவள் சினிமா கொட்டாய்க்குப் போகலாமா என்று பேச்சு வந்ததாம். சாமி படம்தானே, போகட்டும் என்று யாரோ பெரியவர் சொன்னதால் போயிருக்கிறார்கள். திரையில் தன்னைப் போலவே வெள்ளைச் சேலை கட்டின ஒரு அம்மா வந்து முருகனையே நிறுத்தி வைத்துப் பேசுகிறார், பாடுகிறார். கொட்டாயில் இருந்த அத்தனை பேரும் அந்த அம்மாவுக்குக் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். அதை அம்மிச்சி எங்களுக்கு நூறு தடவை சொல்லியிருப்பார். வெள்ளைச் சேலையைப் பார்த்து ஜனங்கள் முகத்தைத் திருப்பாமல் கும்பிட்டதை அன்றைக்குத்தான் முதல் தடவை பார்த்தாராம்.

கடைசிக் காலத்தில் அம்மிச்சி எங்களோடு அமராவதி நகரில்தான் இருந்தார். அப்பா பொதுப்பணித்துறையில் லஸ்கர். என் அக்கா கல்யாணம் உடுமலையில் நடந்தது. தாலி கட்டும் நேரத்தில் அம்மிச்சியைக் காணோம். தேடிப்போனால் மண்டபத்தின் பின்பக்கம், சமையல்கட்டு வாசலில் நிற்கிறார். வளர்த்த பேத்திக்குத் தாலி ஏறுவதைத் தூண் மறைவிலிருந்து எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். யாரும் போகச் சொல்லவில்லை. போக வேண்டும் என்று அவருக்கே தெரிந்திருந்தது. நான் அப்போது நம் கல்லூரியில் மூன்றாம் வருஷம். ஸ்டேஜில் ஏறிப் பேசுகிறவன், டிபேட்டில் பரிசு வாங்கினவன். அன்றைக்கு அம்மிச்சி கையைப் பிடித்து முன்னால் கூட்டிக்கொண்டு வர எனக்குத் தைரியம் வரவில்லை. சொந்தக்காரர்கள் என்ன சொல்லுவார்களோ என்று திரும்பி வந்துவிட்டேன். அம்மிச்சி இப்போது இல்லை. அந்தத் திரும்பின நாலு அடி மட்டும் இன்னும் என் காலில் இருக்கிறது.

அதனால்தான் சுந்தராம்பாள் கதையை வெறும் பெருமைக் கதையாக என்னால் எழுத முடியவில்லை. 25 வயசுப் பெண் வெள்ளைச் சேலை உடுத்தியதைப் பத்தினித்தனம் என்று புகழ்கிறவர்கள் உண்டு. புகழ வேண்டியது அதை இல்லை. அந்தச் சேலையோடு அவர் எங்கே போய் நின்றார் என்பதைத்தான்.

ஒரு லட்சம்

காந்தியடிகளும் சத்தியமூர்த்தியும் அவரை வீட்டுக்குள்ளேயே இருக்க விடவில்லை. ஏற்கெனவே அவர் தேசியப் பாட்டுகளை இசைத்தட்டில் பாடியவர்தான். 1931-ல் மோதிலால் நேரு இறந்தபோது இரங்கல் பாட்டும் பாடியிருக்கிறார். கதர் உடுத்தினார். 1937 தேர்தலில் சத்தியமூர்த்தியோடு காங்கிரஸ் மேடைகளில் பாடினார். பேச்சுக்குக் கூடாத கூட்டம் பாட்டுக்குக் கூடும். கூடின கூட்டத்திடம் பிறகு பேச்சாளர் பேசுவார். எழுதப் படிக்கத் தெரியாத கிராமங்களுக்கு அன்றைக்குச் செய்தித்தாள் அவர் குரல்தான். காந்தி கொடுமுடியில் அவர் வீட்டுக்கு வந்ததையும், தங்கத் தட்டில் சாப்பாடு போட்டபோது சாப்பாடு மட்டும்தானா, தட்டு கிடையாதா என்று கேட்டு அதையும் நிதிக்கு வாங்கிக்கொண்டதையும் எங்கள் பக்கம் இன்றும் கதையாகச் சொல்வார்கள்.

இதற்கு நடுவே சினிமா கூப்பிட்டது. பேசும் படம் தமிழில் வந்து நாலு வருஷம்தான் ஆகியிருந்தது. அசன்தாஸ் என்ற தயாரிப்பாளர் 'பக்த நந்தனார்' எடுக்க வந்து கேட்டார். நடிக்க விருப்பமில்லாத சுந்தராம்பாள், ஆள் ஓடிப்போகட்டும் என்று ஒரு லட்சம் ரூபாய் கேட்டாராம். அவர் ஓடவில்லை, சரி என்றார்! 1935-ல் ஒரு லட்சம் என்றால் என்ன என்று யோசித்துப் பாருங்கள். சவரன் முப்பது ரூபாய்க்குள் இருந்த காலம். மூவாயிரம் சவரனுக்கு மேல் வரும். இந்தியாவில் அதுவரை எந்த நட்சத்திரமும் வாங்காத சம்பளம் என்று சொல்வார்கள். ரயிலில் காலணா வாங்கின கைக்கு அது வந்து சேர்ந்தது.

அந்தப் படத்தில் அவர் போட்ட வேஷம் ஆண் வேஷம், நந்தனார். சிதம்பரம் கோயிலுக்குள் நுழைய ஏங்கின நந்தன். எஜமான வேதியராக நடித்தவர் பெரிய சங்கீத வித்வான் மகாராஜபுரம் விஸ்வநாத அய்யர். பின்னணிப் பாட்டு என்ற முறை அப்போது வரவில்லை. கேமரா ஓடும்போதே நடித்துக்கொண்டு பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் கேமரா கண்ணில் படாமல் ஒளிந்து வாசிப்பார்கள். ஒரு இடம் பிசகினால் ஆரம்பத்திலிருந்து. நாடக மேடையில் விடிய விடியப் பாடினவருக்கு அது பெரிய விஷயமாக இருந்திருக்காது.

வேஷம் தேடி வந்தது

இப்போது அவர் போட்ட வேஷங்களை வரிசையாகப் பாருங்கள். 1935-ல் நந்தனார். 1940-ல் மணிமேகலை, துறவு பூண்டு அட்சய பாத்திரம் ஏந்தினவள். 1953-ல் ஔவையார். 1964-ல் 'பூம்புகார்' படத்தில் கவுந்தி அடிகள், சமணத் துறவி. 1965-ல் 'திருவிளையாடல்', 1967-ல் 'கந்தன் கருணை', இரண்டிலும் ஔவையார். 1973-ல் காரைக்கால் அம்மையார். ஜோடியாக நடிக்க மாட்டேன் என்றால் சினிமாவில் ஒரு பெண்ணுக்கு என்ன வேலை இருக்கிறது? அன்றைக்கும் கிடையாது, இன்றைக்கும் அதிகம் கிடையாது. ஆனால் அவருக்காகச் சினிமா வேஷம் தேடியது. தமிழ் இலக்கியம் முழுக்கத் தேடி, கணவன் பெயரால் இல்லாமல் தன் பெயரால் நின்ற பெண்களை எல்லாம் கொண்டுவந்து அவர் முன்னால் வைத்தது. ஒரு மனுஷி தன் நிபந்தனையை விடாமல் நின்றதால் நடந்த காரியம் இது.

ஜெமினி எஸ்.எஸ். வாசன் தயாரித்து, கொத்தமங்கலம் சுப்பு இயக்கிய 'ஔவையார்' பல வருஷ உழைப்பு. யானைக் கூட்டம் வந்து கோட்டையை இடிக்கும் காட்சியைப் பார்த்தவர்கள் மறக்கவில்லை. ஆனால் படத்தைத் தூக்கி நிறுத்தியது யானை இல்லை, சுந்தராம்பாள்தான். ஔவை கதை உங்களுக்குத் தெரியும். கல்யாணம் வேண்டாம் என்று பிள்ளையாரிடம் கிழப்பருவம் கேட்டு வாங்கினவள். இளமையைக் கொடுத்துவிட்டு ஊர் ஊராகப் போகும் சுதந்திரத்தை வாங்கிக்கொண்டாள். அரசன் அவைக்கும் போகலாம், குடிசைக்கும் போகலாம். 25 வயசில் வெள்ளை உடுத்தின சுந்தராம்பாளுக்கு இந்த வேஷம் இத்தனை பொருந்தியதில் ஆச்சரியம் என்ன? அதற்குப் பிறகு தமிழனுக்கு ஔவை என்றால் அவர் முகம்தான். நம் ஊர்ப் பள்ளிக்கூட ஆண்டு விழாக்களில் ஔவை வேஷம் போடும் குழந்தைகள் கூட அவர் நடையைத்தான் நடக்கின்றன.

அதே 1950-களில் அவர் சென்னை சட்ட மேலவை உறுப்பினரானார். இந்தியாவில் சினிமாவிலிருந்து சட்டமன்றத்துக்குப் போன முதல் நடிகை என்று அவரைச் சொல்வார்கள். தமிழ்நாட்டில் சினிமாவிலிருந்து யார் யார் கோட்டைக்குப் போனார்கள் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அந்தப் பாதையில் முதலில் நடந்தவர்களில் ஒருவர் நம் கொங்கு நாட்டு அம்மா.

காங்கிரஸ்காரராகவும் முருக பக்தராகவும் இருந்தவர், மு. கருணாநிதி வசனம் எழுதிய 'பூம்புகார்' படத்தில் நடித்தது அன்று பெரிய பேச்சு. கடவுளைக் கேள்வி கேட்பது போல் வந்த ஒரு பாட்டு வரியைப் பாட மாட்டேன் என்று அவர் சொல்லிவிட, அந்த வரி மாற்றப்பட்டது என்பார்கள். இதில் எனக்குப் பிடித்தது இரண்டு பக்கமும் நடந்துகொண்ட விதம். கொள்கை வேறு என்பதற்காக அவர் வேலையை மறுக்கவில்லை. அவர் நம்பிக்கைக்காக அவர்கள் வரியை மாற்ற மறுக்கவில்லை. நம் வாட்ஸப் குரூப்பில் தேர்தல் நேரத்தில் அடித்துக்கொள்கிறோமே, அதை நினைத்துக்கொண்டுதான் எழுதுகிறேன்.

பழனிப் பாதை

'திருவிளையாடல்' காட்சியைத் தெரியாதவர் இருக்க முடியாது. மாம்பழம் கிடைக்காத கோபத்தில் முருகன் பழனிக்கு வந்துவிட, சமாதானம் பேச ஔவை வருகிறார். ஏ.பி. நாகராஜன் இயக்கம், கே.வி. மகாதேவன் இசை. அந்த முருகன் கோபித்துக்கொண்டு வந்து உட்கார்ந்த மலை நமக்குப் பக்கத்து ஊர். பங்குனி உத்திரத்துக்குக் கொடுமுடிக் காவிரியில் தீர்த்தம் எடுத்துக் காவடியாகத் தாராபுரம் வழியே பழனிக்கு நடந்து போகிறார்கள். தலைமுறை தலைமுறையாக நடக்கும் வழக்கம். வழியெல்லாம் பந்தல், மோர், அன்னதானம், ஸ்பீக்கர். ஸ்பீக்கரில் யார்? கொடுமுடியிலிருந்து தீர்த்தம் போகும் அதே பாதையில் கொடுமுடிக் குரலும் கூடவே போகிறது. காலில் கொப்புளத்தோடு நடக்கிறவனுக்கு அந்தக் குரல் ஒரு கைத்தடி.

1969-ல் வந்தது 'துணைவன்'. எடுத்தவர் கோயமுத்தூர்க்காரர் சாண்டோ சின்னப்பா தேவர். அதில் பாடியதற்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது சுந்தராம்பாளுக்குக் கிடைத்தது. அந்த விருதைப் பெற்ற முதல் பாடகி அதற்கு முந்தின வருஷம் பி. சுசீலா. இரண்டாவது இவர். அறுபது வயசில்! தமிழ் இசைச் சங்கம் 1966-ல் இசைப் பேரறிஞர் பட்டம் கொடுத்தது. 1970-ல் பத்மஸ்ரீ. பணத்தையும் சும்மா வைத்திருக்கவில்லை, சொந்த ஊரில் சினிமா தியேட்டர் கட்டினார். 1980 செப்டம்பரில் சென்னையில் காலமானார். 72 வயசு முடிய ஒரு மாசம் பாக்கி.

இதை எழுதும்போது பிரான்ஸ் நாட்டுப் பாடகி எடித் பியாஃப் ஞாபகம் வந்தது. அவரும் தெருவில் பாடிக் காசு வாங்கின குழந்தை. 1949-ல் அவர் நேசித்த குத்துச்சண்டை வீரர் விமான விபத்தில் இறந்தார். செய்தி வந்த அன்று ராத்திரியும் மேடை ஏறிப் பாடினார். மேடையில் எப்போதும் கறுப்பு உடைதான். அங்கே கறுப்பு, இங்கே வெள்ளை. துக்கத்துக்கு ஊருக்கு ஊர் வேறு நிறம். குரலுக்கு மட்டும் ஒரே நிறம் போலிருக்கிறது.

நமக்கு என்ன?

மலரில் கட்டுரை எழுதினால் கடைசியில் மாணவர்களுக்கு நாலு வார்த்தை சொல்ல வேண்டும் என்பது மரபு. மார்க், வேலை, வெளிநாடு இதையெல்லாம் மற்றவர்கள் சொல்லியிருப்பார்கள். நான் ஒன்றுதான் சொல்வேன். உங்களுக்கு இருக்கும் திறமையை, வாழ்க்கையில் ஒரு அடி விழுந்தது என்பதற்காகப் பெட்டியில் வைத்துப் பூட்டாதீர்கள். எங்கள் பேட்ச்சிலேயே நன்றாகப் படித்த இரண்டு பேர் வீட்டில் சாவு விழுந்ததும் படிப்பை விட்டார்கள். நாங்கள் யாரும் தேடிப்போகவில்லை. சுந்தராம்பாளைத் தேடி ஆள் வந்தது, திரும்பவும் பாடச் சொல்லிக் கேட்டார்கள். அதுதான் வித்தியாசம். பக்கத்து பெஞ்சில் ஒருத்தன் ஒரு வாரம் வரவில்லை என்றால் அவன் வீட்டுக்குப் போங்கள். அட்டெண்டன்ஸ் போனாலும் பரவாயில்லை.

இன்னொன்று எங்களைப் போன்ற பழைய மாணவர்களுக்கு. ஹாஸ்டல் மெஸ்ஸில் நமக்கெல்லாம் தோசை ஊற்றிய அக்கா ஒருவர் இருக்கிறார், உங்களுக்கே தெரியும். காய்ச்சல் வந்தால் கஞ்சி வைத்துக் கொடுத்தவர். புருஷனை இழந்தவர். கல்லூரி விழா ஒவ்வொன்றிலும் குத்துவிளக்கு ஏற்றும்போது அவர் ஹாலின் பின்கதவு ஓரம் நின்று பார்ப்பதை நான் நாலு வருஷம் பார்த்திருக்கிறேன். அது எந்த இடம் என்று எனக்குத் தெரியும். என் அம்மிச்சி நின்ற இடம்.

இந்த வருஷம் விளக்கின் முதல் திரியை அவர் ஏற்ற வேண்டும் என்று விழாக் குழுவிடம் கேட்டேன். ஒரே ஒரு சீனியர் கொஞ்சம் யோசித்தார். பிறகு அவரே போய் அக்காவிடம் பேசினார். அக்கா முதலில் வேண்டவே வேண்டாம் என்றுவிட்டார். நாங்கள் விடவில்லை. கடைசியில் ஒரு கண்டிஷனோடு ஒத்துக்கொண்டார். காலை டிபன் எல்லாருக்கும் போட்டு முடித்த பிறகுதான் வருவேன் என்றிருக்கிறார். ஆகவே நிகழ்ச்சி ஒன்பதரைக்கு என்று அழைப்பிதழில் போட்டிருந்தாலும், தொடங்கப் பத்து மணி ஆகும். தாமதத்துக்கு மன்னியுங்கள், டிபனை நன்றாகச் சாப்பிடுங்கள்.

அக்கா மேடை ஏறும்போது ஸ்பீக்கரில் எந்தக் குரல் ஒலிக்க வேண்டும் என்பதை மைக் செட்காரரிடம் நான் ஏற்கெனவே சொல்லிவிட்டேன்.